மாட்டுக் கேரட்டில் செய்த மஃபின்

மஃபினைப் பார்த்தால் மற்றவர்களுக்குப் பசிக்கும். எனக்குக் கோபம் வரும். குன்னூரில் இப்போது எந்த பேக்கரிக்குள் நுழைந்தாலும் குழந்தைகளுக்கான காய்கறி மஃபின் என்று எழுதி வைத்திருக்கிறார்கள். சுற்றுலா வந்த தாய்மார்கள் அதைப் பிள்ளைகளின் வாயில் திணித்து செல்போனில் படம் எடுத்துக்கொள்கிறார்கள். எடுக்கட்டும். எனக்கு மட்டும் பெரியம்மாவின் முகம் ஞாபகம் வந்துவிடும். வாங்கப் போனதை வாங்காமலே திரும்பிவிடுவேன்.

அப்போது எனக்கு ஒன்பது வயது இருக்கும். கேத்தியில் இருந்தோம். பள்ளத்தாக்கு முழுவதும் கேரட் விளைகிற ஊரில் பிறந்த என் தம்பி, கேரட்டைக் கண்டாலே வாயை இறுக மூடிக்கொள்வான். அவனை மட்டும் சொல்லிப் பயனில்லை. எங்கள் ஊர்ப் பிள்ளைகள் எல்லோருமே அப்படித்தான். பொரியலில் கேரட், குழம்பில் கேரட், விலை விழுந்தால் மூன்று வேளையும் கேரட் என்றால் எந்தப் பிள்ளைதான் தின்னும்? கல்யாணத்துக்கு முன் குன்னூரில் ஒரு பேக்கரியில் வேலை பார்த்தவள் அம்மா. கேரட்டை மஃபின் என்கிற குட்டிக் கேக்குக்குள் ஒளித்து, தம்பியின் பிடிவாதத்தை ஒரு கை பார்த்துவிடுவது என்று அவளும் இறங்கினாள்.

ஓவன் எல்லாம் எங்கள் வீட்டில் ஏது? கனத்த இரும்புச் சட்டியில் மணலைக் கொட்டிச் சூடாக்கினாள். சின்ன டம்ளர்களுக்குள் எண்ணெய் தடவிய காகிதத்தைச் சுற்றி, மாவை ஊற்றி, சட்டிக்குள் இறக்கி மூடினாள். முதல் தடவை நடுவில் குழி விழுந்து களி மாதிரி வந்தது. எங்கள் ஊர்க் கேரட்டில் தண்ணீர் அதிகம் என்பது அவளுக்கு அப்புறம்தான் உறைத்தது. அடுத்த தடவை துருவியதைத் துணியில் போட்டு நன்றாகப் பிழிந்தாள். கொஞ்சம் பீட்ரூட் சேர்த்ததும் உள்ளே ரோஜா நிறம் வந்தது. ஆரஞ்சுத் தோலைச் சீவிப் போட்டதும் காய்கறி வாசனை போன இடம் தெரியவில்லை. தம்பி ஒன்றைத் தின்றுவிட்டு இன்னொன்று கேட்டான். அம்மா அப்படிச் சிரித்து நான் பார்த்ததே இல்லை.

விஷயம் சர்ச் வரைக்கும் போயிற்று. விளைச்சலில் முதற்பலனை ஆண்டவருக்குப் படைக்கிற அறுப்பின் பண்டிகைக்கு ஞாயிறு வகுப்புப் பிள்ளைகளுக்கு இதையே செய்து தரச் சொல்லி டீச்சர் வீடு தேடி வந்து கேட்டார். சர்ச்சில் அதுவரை எதற்கும் யாரும் அம்மாவைக் கேட்டதில்லை, அப்பாவின் அண்ணன் மனைவியான பெரியம்மாவைத்தான் கேட்பார்கள். அம்மா ஒரு வாரம் தரையில் கால் பாவாமல் திரிந்தாள். முதலில் பீடத்தின் முன்னால் தட்டை வைத்து ஜெபித்துவிட்டு, பிறகு பிள்ளைகளுக்குக் கொடுப்பதாக ஏற்பாடு.

எங்கள் ஊரில் கேரட்டைப் பிடுங்கி, மிஷினில் கழுவி, நேராக இருப்பதை மட்டும் மூட்டை கட்டி மேட்டுப்பாளையம் மண்டிக்கு அனுப்புவார்கள். ஒடிந்தது, வெடித்தது, இரண்டு கால் முளைத்தது எல்லாம் மாட்டுக்கு. அந்தக் கழிவை அப்பா எங்கள் பசுவுக்குச் சாக்கில் கட்டிக்கொண்டு வருவார். அதில்தான் அம்மா நல்ல பாகமாகப் பார்த்து வெட்டி எடுத்தாள். ருசியில் ஒரு குறையும் கிடையாது.

பண்டிகையன்று பீடத்தின் முன்னால் முட்டைக்கோசும் உருளைக்கிழங்கும் குவிந்து கிடந்தன. நடுவில் பெரியம்மா வீட்டுக் கேரட், ஒன்றுக்கொன்று அளவெடுத்தது போல, பளபளவென்று அடுக்கியிருந்தது. அதன் பக்கத்தில் அம்மா தன் தட்டை வைத்து வெள்ளைத் துணியால் மூடினாள். பெரியம்மா வந்து துணியைத் தூக்கிப் பார்த்தார்.

"இது எந்தக் கேரட்டு அம்மிணி?"

"ஊட்டுல இருந்ததுங்க்கா."

"ஊட்டுல இருந்ததா? மாட்டுக்குன்னு கட்டீட்டுப் போன சாக்குல இருந்ததுன்னு சொல்லு! ஆண்டவருக்கு முதற்பலன் வெக்கற எடத்துல மாட்டுத் தீனியக் கொண்டாந்து வெச்சிருக்கறயே, கூச்சமா இல்ல?"

சர்ச்சே திரும்பிப் பார்த்தது. அம்மா துணியை இழுத்துத் தட்டை மறுபடியும் மூடினாள். ஆண்கள் பக்கம் நின்ற அப்பா தன் செருப்பில்லாத கால்களையே பார்த்துக்கொண்டிருந்தார். சண்டை என்றாலே நடுங்கும் போதகர், "அதக் கொஞ்சம் உள்ள வெச்சிருங்க" என்றார் மெதுவாக. தட்டு உள்ளறையில் துடைப்பங்களுக்குப் பக்கத்தில் போய் உட்கார்ந்தது. ஆராதனை முழுக்க எனக்கு ஒரு வார்த்தைகூடக் காதில் ஏறவில்லை. பெரியம்மாவின் கொண்டையைப் பிடித்து இழுக்க வேண்டும் என்பதைத் தவிர வேறு எந்த ஜெபமும் என்னிடம் இல்லை.

ஆராதனை முடிந்து எல்லோரும் வெளியே காணிக்கைப் பொருள்களை ஏலம் விடப் போனதும், நான் உள்ளறைக்குள் நுழைந்து தட்டைத் தூக்கிக்கொண்டு சர்ச்சுக்குப் பின்னால் போனேன். பிள்ளைகளைக் கூப்பிட்டு, "கேரட்டும் பீட்ரூட்டும் போட்டது, வேணும்னா தின்னுங்க" என்றேன். தட்டைக் கீழே வைக்கக்கூட இல்லை, அதற்குள் காலியாகிவிட்டது. பெரியம்மாவின் கடைக்குட்டி ஒன்றைக் கடித்துக்கொண்டே அவரிடம் ஓடி, நம்ம ஊட்டுலயும் இது மாதிரி செய் என்று எல்லோர் முன்னாலும் கேட்டுவிட்டான். பெரியம்மா அவன் கையிலிருந்த மஃபினைத் தட்டிவிட்டார். அவன் மண்ணில் புரண்டு அழுதான். நான் கேட்டதிலேயே இனிமையான அழுகை அதுதான்.

ஆனாலும் கோபம் ஆறவில்லை. வீட்டுக்குப் போகும் வழியெல்லாம் அம்மாவிடம் கத்தினேன்.

"நம்ம தோட்டத்துல நல்ல கேரட்டே இல்லயாம்மா? நாலு எடுத்தா என்ன கொறஞ்சு போயிரும்? மாட்டுக்கு வெச்சத எதுக்கு எடுத்த?"

"சும்மா வா கண்ணு" என்றாள் அம்மா. அப்பா எங்களை விட்டு முன்னால் வேகமாக நடந்தார். அம்மாவின் கஞ்சத்தனம்தான் எங்களை அவமானப்படுத்தியது என்று அன்றிரவு அவளோடு பேசாமலே படுத்துக்கொண்டேன்.

வீட்டுக்குக் கீழே இருந்த அந்தத் தோட்டத்தில் விடிவதற்குள் இறங்கி இருட்டிய பிறகு ஏறி வருபவர் அப்பா என்பதால், அது எங்களுடையது என்றே நினைத்திருந்தேன். தாத்தா போனதும் பெரியப்பா அதை முழுசாகத் தன் பெயருக்கு மாற்றிக்கொண்டதும், அப்பா அதில் தினக்கூலியாக இருந்ததும் நான் பெரியவளான பிறகுதான் தெரிந்தது. பெரியம்மா பீடத்தில் அடுக்கிய கேரட் அப்பா விதைத்தது, அப்பா பிடுங்கியது, அப்பா கழுவியது. அதில் ஒன்றைத் தொடக்கூட எங்களுக்கு உரிமை இல்லை. எங்களுடையது என்று ஆண்டவர் முன்னால் கொண்டுபோய் வைக்க அம்மாவிடம் இருந்தது அந்தக் கழிவுச் சாக்கு ஒன்றுதான்.

கேள்வி கேட்ட பெரியம்மாவுக்கு அது தெரியும். பதில் பேசாமல் நின்ற அம்மாவுக்கும் அப்பாவுக்கும் தெரியும். அத்தனை கோபத்தோடு நின்றிருந்த எனக்கு மட்டும்தான் தெரியாது.