சொந்த வீட்டில் குடிக்கூலி

மகள் நசீமாவின் நிக்காஹ் முடிந்த எட்டாம் நாள், 1957இல், சபுரா பீவி தன் வீட்டைக் காலி செய்தாள். ஒரு கைவண்டி போதுமானதாக இருந்தது. கணவர் நஜீமுதீன் முன்னால் இழுக்க, அவள் பின்னால் தள்ளிக்கொண்டு மூன்று தெரு தாண்டி லைன் வீட்டுக்கு வந்தார்கள். எட்டு அறைகள் வரிசையாக, எட்டுக்கும் சேர்த்து ஒரு தண்ணீர்த் தொட்டி. அவர்களுடையது ஐந்தாவது அறை. வாடகை மாதம் எட்டு ரூபாய்.

நஜீமுதீன் பனியன் கம்பெனியில் கட்டிங் வேலை பார்த்தவர். கல்யாணச் செலவுக்கு ஆயிரம் ரூபாய் தேவைப்பட்டது. தெரிந்தவர் ஒருவர் நூற்றுக்கு ஒரு ரூபாய் வட்டிக்குப் பணம் கொடுக்கத் தயாராகத்தான் இருந்தார். மாதம் பத்து ரூபாய் வட்டி வரும். நஜீமுதீன் அதைக் காதிலேயே போட்டுக்கொள்ளவில்லை. வட்டி ஹராம், கல்யாணத்தை வட்டிப் பணத்தில் நடத்தினால் பெண் நன்றாக இருக்க மாட்டாள் என்றார். அதனால் வீட்டை ஒத்திக்கு விட்டார். ஒத்தியில் பணம் கொடுத்தவர் வீட்டில் குடியிருப்பார். பணத்துக்கு வட்டி கிடையாது, வீட்டுக்கு வாடகை கிடையாது. வாங்கின தொகையை என்றைக்கு மொத்தமாகத் திருப்பிக் கொடுக்கிறோமோ அன்றைக்கு வீடு நம்முடையது. பணம் கொடுத்தவர் நெருப்பெரிச்சல் கிராமத்துக் கிட்டுசாமி. இரண்டு நிட்டிங் மிஷின் வைத்திருந்தார், பிள்ளைகளை டவுன் பள்ளிக்கூடத்தில் சேர்க்க வீடு தேடிக்கொண்டிருந்தார். பத்திரத்தில் மூன்று வருஷக் கெடு எழுதினார்கள்.

"வட்டின்னா பத்து ரூபா. லைன் வீட்டுக்கு எட்டு ரூபா. ரெண்டு ரூபா மிச்சம் பாத்தியா?" என்று வண்டியை நிறுத்தி மூச்சு வாங்கியபடி நஜீமுதீன் சொன்னார். அவளுக்கும் அது சரியாகத்தான் பட்டது.

மூன்று வருஷத்தில் ஆயிரம் சேரவில்லை. ஒரு தடவை சீட்டு எடுத்து நானூறு கையில் வந்தது. ஆயிரமாகச் சேரட்டும் என்று பெட்டியில் வைத்தார்கள். நசீமாவின் முதல் பிரசவம் அதைத் தின்றது. இரண்டாவது பிரசவத்துக்குப் பெட்டியில் ஒன்றும் இல்லை. கிட்டுசாமியிடமே போய் அதே பத்திரத்தின் மேல் இன்னொரு முன்னூறு வாங்கி வந்தார் நஜீமுதீன். லைன் வீட்டுக்காரர் கன்னையன் வாடகையைப் பன்னிரண்டாக்கினார். கெடு முடிந்ததைப் பற்றிக் கிட்டுசாமி ஒரு வார்த்தை கேட்கவில்லை. எவ்வளவு நல்ல மனிதர் என்று இருவரும் பேசிக்கொண்டார்கள்.

1966 செப்டம்பரில் நஜீமுதீன் மூன்று நாள் காய்ச்சலில் இறந்தார். ஐந்தாம் நம்பர் அறையிலிருந்துதான் தூக்கிப் போனார்கள்.

அந்த அறையிலேயே சபுரா இத்தா இருந்தாள். புருஷன் இறந்தால் நான்கு மாதம் பத்து நாள் வாசல் தாண்டக் கூடாது, அந்நிய ஆண் முகம் பார்க்கக் கூடாது. எந்த வீட்டில் புருஷனோடு குடியிருந்தாளோ அந்த வீட்டில்தான் இருக்க வேண்டும். தொட்டியில் ஆண்கள் குளிக்கும் சத்தம் கேட்டால் கதவைச் சாத்திக்கொள்வாள். ஆகப் பாதி நாள் கதவு சாத்தியே கிடந்தது. மூன்று தெரு தள்ளி, நாலு பக்கமும் சுவர் வைத்து நஜீமுதீன் கட்டிய வீடு இருந்தது. அங்கே என்றால் முற்றத்தில் நின்று வானமாவது பார்த்திருக்கலாம். நசீமா பத்து நாள் இருந்துவிட்டுக் குழந்தைகளோடு பல்லடத்துக்கு, மாமியார் வீட்டுக்குப் போய்விட்டாள். இரண்டு பிள்ளைகளைப் படுக்கவைக்க அந்த அறையில் இடமில்லை.

அடுத்த அறை மயிலாள்தான் அவளுக்கு வேலை கொண்டுவந்து கொடுத்தாள். கம்பெனியிலிருந்து தைத்த பனியன்களை மூட்டையாகக் கட்டி வருவாள். தையலில் தொங்கும் நூல் பிசிறுகளைக் கத்திரியால் வெட்டி, பன்னிரண்டு பன்னிரண்டாக மடித்துக் கட்ட வேண்டும். டஜனுக்கு ஆறு பைசா. ஒரு நாளைக்கு இருபது டஜன் முடியும்.

முதல் மாதக் கூலி வந்த அன்று சபுரா பன்னிரண்டு ரூபாயைத் தனியாக எடுத்து வைத்தாள். வைத்தவள் அப்படியே உட்கார்ந்துவிட்டாள். பன்னிரண்டு ரூபாய் என்றால் இருநூறு டஜன். பத்து நாள் வேலை. முதல் தேதியிலிருந்து பத்தாம் தேதி வரை அவள் விரல்கள் கன்னையனுக்காக ஓடியிருந்தன. இதுவரை வாடகை கொடுத்தது நஜீமுதீன் கை. அவள் கை இல்லை. அதனால் இது இவ்வளவு கனம் என்று அவளுக்குத் தெரிந்திருக்கவில்லை.

"என்னுங்க பாயம்மா, கத்திரி நின்னு போச்சு?" என்று மயிலாள் எட்டிப்பார்த்தாள்.

"மயிலா, மாசம் எட்டு ரூபா வீதம் நாலு வருஷத்துக்கு எவ்வளவு?"

"எனக்கென்னுங்க தெரியும்? எம்பட ஊட்டுக்காரரைக் கேட்டா அவரு குடிச்ச கணக்கைத்தான் சொல்லுவாரு."

சபுரா தானே போட்டாள். நாலு வருஷம் எட்டு ரூபாய், முன்னூற்று எண்பத்து நாலு. ஐந்து வருஷம் பன்னிரண்டு ரூபாய், எழுநூற்று இருபது. பனியன்களை டஜன் டஜனாகப் பிரித்து வைத்து இரண்டு தடவை சரிபார்த்தாள். ஆயிரத்து நூற்று நாலு.

முதலில் வாங்கின ஆயிரத்தைவிட அதிகமாகவே கொடுத்தாயிற்று. வாங்கின பணம் ஒரு பைசா குறையவில்லை.

அடுத்த நாட்களில் கத்திரி ஓட ஓட அவளுக்கு மற்றதும் விளங்கியது. வட்டி வேண்டாம் என்று சொன்ன மனிதர் ஒன்பது வருஷம் மாதம் தவறாமல் வட்டிதான் கட்டியிருக்கிறார். வாங்கினவர் கிட்டுசாமி இல்லை, கன்னையன். பேர் வட்டி இல்லை, வாடகை. அவ்வளவுதான் வித்தியாசம். இன்னொன்று அதைவிட மோசம். வட்டிக் கடன் என்றால் கையில் ஐம்பது கிடைத்தபோது ஐம்பதைக் கொண்டுபோய்க் கொடுத்து அசலைக் குறைத்திருக்கலாம். ஒத்திக்கு ஐம்பது வேண்டாம், நானூறும் வேண்டாம். முழுத் தொகையும் ஒரே நாளில் வேண்டும். அந்த ஒரே நாள் வருவதற்குள் ஐம்பதுகளும் நானூறும் எங்கெங்கோ போய்விட்டன. கிட்டுசாமி நல்லவராக இருந்ததும் இதனால்தான். அவர் அவசரப்பட ஒரு காரணமும் இல்லை. ஊரில் வீட்டு வாடகை ஏற ஏற அவர் கொடுத்த ஆயிரம் தானாகவே சம்பாதித்துக்கொண்டிருந்தது.

இதை யாரிடம் சொல்வது? சொல்ல வேண்டியவர் இல்லை. இருந்திருந்தால் கோபப்பட்டிருப்பார், ராத்திரிச் சோறு வேண்டாம் என்றிருப்பார், காலையில் ஒப்புக்கொண்டிருப்பார். அந்தச் சண்டைகூட இல்லாமல் அவள் தனியாகவே கணக்கைப் போட்டு, தனியாகவே முடித்தாள்.

இத்தா கழிந்த மறுநாள் கிட்டுசாமி வீட்டுக்குப் போனாள். அவள் வீடுதான். சுவருக்கு நீலம் அடித்திருந்தார்கள். கிட்டுசாமியின் மனைவி தெய்வாத்தாள் பாய் விரித்து மோர் கொடுத்தாள்.

"தம்பி, ஆயிரத்து முன்னூறையும் மொத்தமா தந்து ஊட்டைத் திருப்பிக்கச் சொல்லிப் பல்லடத்து மாப்பிள்ளை சொல்றாருங்க" என்றாள் சபுரா. மாப்பிள்ளை அப்படி ஒன்றும் சொல்லவில்லை.

கிட்டுசாமி பீடியைக் கீழே வைத்தார். "திடுதிப்புன்னு சொன்னா எப்படீங்க பாயம்மா? பசங்க பள்ளிக்கூடம் இருக்குது. இந்த வீதியில இன்னைக்கு வாடகைக்குப் போனா முப்பது ரூபா கேக்கறான்."

"அதைத்தான் நானும் ரோசனை பண்ணினேன். நீங்க காலி பண்ண வேண்டாம். பின்னால சாமான் போட ஒரு ரூம் கட்டி வெச்சிருந்தாருல்ல, அதை எனக்கு விடுங்க. மாசம் பதினஞ்சு ரூபா தாரேன். அஞ்சு வாடகைக்கு. பத்து, பத்திரத்துக்குப் பின்னால வரவு எழுதுங்க."

"ஒத்தியில வரவு எழுதற வழக்கமே இல்லீங்களே."

"அப்பச் சரிங்க. மாப்பிள்ளையை வரச் சொல்றேன்."

தெய்வாத்தாள் சிரித்துவிட்டாள். "ஏனுங் மாமா, ஊட்டுக்காரம்மாவே வாடகைக்கு வாராங்க. யாருக்குக் கெடைக்கும் இப்படி? எழுதிக் குடுத்துப் போடுங்க."

கிட்டுசாமி கணக்குப் போட்டுப் பார்த்தார். மாதம் பத்து என்றால் தீர நூற்று முப்பது மாதம். பதினோரு வருஷத்துக்கு வீட்டைப் பற்றிக் கவலையில்லை. பின்னறையில் அடுக்கியிருந்த நூல் மூட்டைகளைக் காலி செய்துகொடுத்தார்.

1967 பிப்ரவரியில் சபுரா தன் வீட்டின் பின்னறைக்குக் குடிவந்தாள். சந்துப் பக்கம் தனி வாசல். வீட்டுக்குள் திறக்கும் கதவை அந்தப் பக்கத்திலிருந்து தாழிட்டிருந்தார்கள். சுவருக்கு அப்பால் வாய்ப்பாடு ஒப்பிக்கும் சத்தம், அடி வாங்கும் சத்தம், ரேடியோ. எல்லாம் காது வரைக்கும் வரும். யாரும் அவளை உள்ளே வராதே என்று சொன்னதில்லை. வா என்றும் சொன்னதில்லை. ஒரு மழை நாளில் முன்னறையில் பாத்திரம் வைக்கும் ஓசை கேட்டது. எங்கே ஒழுகுகிறது என்று அவளுக்குத் தெரியும். பொறுக்க முடியாமல் சுவரைத் தட்டி, "அங்க இல்ல தெய்வா, உத்தரத்துக்குக் கெழக்கால வையி!" என்று கத்தினாள். பாத்திரம் நகரும் சத்தம் கேட்டது. "ஆமாங்கக்கா, சரியா உளுகுது!" என்று பதில் வந்தது. அன்று முழுவதும் அவள் மனசு லேசாக இருந்தது.

நசீமா ஒரு முறை வந்து பார்த்தாள். வாசலிலேயே நின்றாள்.

"சொந்த ஊட்டுல பொறவாசல்ல குடிக்கூலியாம்மா? எங்க மாமியா கேட்டா நான் என்னன்னு சொல்றது?"

"லைன் வீட்டுல இருந்தப்ப என்ன சொன்னியோ அதைச் சொல்லு."

"அப்ப ஊடு ஒத்தியில இருக்குதுன்னு சொன்னேன். இப்ப எங்கம்மா கிட்டுசாமி ஊட்டுல அண்டிக் கெடக்குறாங்கன்னு அவங்களே சொல்றாங்க."

விளக்கிச் சொன்னாள் சபுரா. கன்னையனுக்குப் போன பன்னிரண்டில் கடன் குறையாது, இவருக்குப் போகும் பதினைந்தில் பத்து குறையும் என்று. நசீமா கேட்டுக்கொண்டுதான் இருந்தாள். பஸ்ஸுக்கு நேரமாகிறது என்றாள். அதன் பிறகு வரவில்லை. பெருநாளைக்கு சபுரா மட்டும் பல்லடம் போய், ஒரு வேளை சாப்பிட்டு, சாயங்காலமே திரும்பிவிடுவாள்.

பத்திரத்தின் பின்பக்கம் நிரம்பி, இன்னொரு தாள் ஒட்டினார்கள். நூல் விலை ஏறிக் கம்பெனிகள் மூடிக்கிடந்த ஒரு ஐந்து மாதம் வரவு விழவில்லை. கிட்டுசாமி நெருக்கவில்லை, சபுரா சோற்றைக் குறைத்துக்கொண்டு வாடகை ஐந்தை மட்டும் கொடுத்தாள். டஜன் ஆறு பைசா பத்தாகி, பதினைந்தாயிற்று. கண் மங்கியதால் இருபது டஜன் பதினாலாகக் குறைந்தது. 1978 ஏப்ரலில் கடைசிப் பத்து ரூபாயைக் கொடுத்தாள். சப்ரிஜிஸ்தர் ஆபீசில் கிட்டுசாமி கையெழுத்துப் போட்டுப் பத்திரத்தைத் திருப்பினார். அவர் நெருப்பெரிச்சலில் சொந்தமாக மாடி கட்டி முடித்திருந்தார். தெய்வாத்தாள் கிளம்பும்போது உள்கதவின் தாழை நீக்கித் திறந்துவிட்டுப் போனாள்.

சபுரா அந்தக் கதவு வழியாக முன்னறைக்குப் போய் நின்றாள். இருபத்தொரு வருஷம். முதல் இரண்டு நாள் அந்தப் பக்கத்துச் சத்தம் இல்லாமல் தூக்கம் பிடிக்கவில்லை. முன்னறையை அறுபது ரூபாய் வாடகைக்குக் கேட்டு இரண்டு பேர் வந்தார்கள். மகள் வந்தால் இருக்க வேண்டும் என்று அவர்களை அனுப்பிவிட்டு, மயிலாளின் பையனை விட்டு நசீமாவுக்குக் கடிதம் எழுதவைத்தாள்.

நசீமா வந்தாள். சின்னவனையும் கூட்டிக்கொண்டு மூன்று நாள் இருந்தாள். முன்னறையில் படுத்தார்கள், கறி எடுத்துச் சமைத்தார்கள். இட்லிக்கு உளுந்து போதாது என்று அம்மாவைக் குறை சொன்னாள். சபுராவுக்கு அந்தக் குறையெல்லாம் கேட்க ஆசையாக இருந்தது. மூன்றாம் நாள் மத்தியானம் நசீமா சொன்னாள்:

"அவரு நாலு விசைத்தறி போடலாம்னு பாக்குறாரும்மா. எட்டாயிரம் வேணும். இந்த ஊட்டை ஒத்திக்கு வெச்சா ஆறாயிரம் தர ஆளிருக்குது. ரெண்டே வருஷம். வந்தோடன திருப்பிடலாம்."

சபுரா வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தாள். உரித்து முடித்தாள்.

"திருப்ப முடியாது கண்ணு."

"உங்களால முடியல. அவரால முடியும். என்ர கல்யாணத்துக்குன்னா வெச்சீங்க. இப்ப எனக்குன்னா மட்டும் கசக்குதா?"

"உனக்குன்னுதான் வெச்சோம். அதுலதான் நீ இருபது வருஷம் இங்க வந்து ஒரு ராத்திரி தங்காம போனே."

"அப்ப இதைக் கட்டிக்கிட்டு அழுங்க."

"முன்னறையை வாடகைக்கு விட்டா அறுபது வரும். அதுல முப்பது மாசாமாசம் உனக்கு அனுப்பறேன். நான் இருக்கற வரைக்கும். பத்திரம் வராது."

"முப்பது ரூபாய்ல தறி ஓடுமா?" நசீமா சின்னவனைச் சட்டை போடச் சொன்னாள். நாலு மணி பஸ்ஸுக்கே கிளம்பிவிட்டாள். சபுரா பஸ் ஸ்டாண்டு வரை கூடவே நடந்தாள். ஜன்னலோரம் இடம் பிடித்துக் கொடுத்தாள். பஸ் நகர்ந்தபோது சின்னவன் மட்டும் கை காட்டினான்.

அடுத்த வாரம் முன்னறைக்கு ஒரு டைலர் குடும்பம் குடிவந்தது. சபுரா பின்னறையிலேயே படுத்தாள். வாடகை வந்த அன்றே முப்பது ரூபாய் மணியார்டர் செய்தாள். அது, பெறுபவர் மறுத்தார் என்று எழுதித் திரும்பி வந்தது. அடுத்த மாதமும் அனுப்பினாள். திரும்பியது. மூன்றாவது மாதம் திரும்பவில்லை. பதினைந்து நாள் கழித்து ரசீதுச் சீட்டு வந்தது. தபால்காரர் ஆறுச்சாமி அதை அவள் கையில் வைத்தார்.

"ஏதாச்சும் எழுதியிருக்குதுங்களா?"

"இல்லீங்க. பணம் வாங்கினதுக்குக் கையெழுத்து மட்டுந்தான்."

"மாப்பிள்ளை போட்டதுங்களா?"

ஆறுச்சாமி சீட்டை வாங்கி வெளிச்சத்தில் பிடித்தார். "நசீமான்னு போட்டிருக்குதுங்க."

சபுரா சீட்டை வாங்கி, பத்திரம் இருந்த பெட்டியில் வைத்தாள். பிறகு கத்திரியை எடுத்துக்கொண்டு வாசலுக்கு நகர்ந்து உட்கார்ந்தாள். இப்போதெல்லாம் வெளிச்சத்தில் மட்டும்தான் பிசிறு தெரிகிறது.