சாவி இல்லாமல் எரிந்த சிவப்பு விளக்கு

டாக்டரிடம் போகிற மனிதன் எங்கே வலிக்கிறது என்று நாலு வார்த்தையாவது சொல்வான். டைனமோ மிஸ்திரியிடம் வருகிற வண்டி ஒரே ஒரு சிவப்பு விளக்கைக் காட்டிவிட்டு வாயை மூடிக்கொள்ளும்.

ஐம்பதுகளின் கடைசியில் விருதுநகரில் எனக்கு ஒரு தகரக் கொட்டகை இருந்தது. டைனமோ, கட்-அவுட், பேட்டரி, இவைதான் என் பிழைப்பு. வண்டி வைத்துக்கொண்டு திண்டாடும் உங்களுக்கு அந்த விளக்கைத் தெரியாமல் இருக்காது. சாவியைத் திருப்பினால் எரியும். இஞ்சின் ஓடி, டைனமோவில் கரண்ட் வந்ததும் அணையும். ஓடும்போது எரிந்தால் பேட்டரிக்குச் சார்ஜ் ஏறவில்லை என்று அர்த்தம். நட்ட நடு ரோட்டில் அது எரிந்து நீங்கள் பதறியிருப்பீர்கள். நான் பதறியது வேறு மாதிரி. எல்லாம் ஒரே வேனால் வந்தது.

தலைகீழ் விளக்கு

தாயில்பட்டிப் பக்கம் ஒரு பட்டாசு ஆலை. அங்கிருந்து சரக்கை டவுன் குடோனுக்குக் கொண்டுவரும் வேனை ஓட்டியவர் சீனிச்சாமி. அதிகம் பேசாத மனிதர். ஒருநாள் காலை வேனை என் கொட்டகை முன்னால் நிறுத்தி, சாவியை உருவி என் கையில் கொடுத்துவிட்டு, "இப்பப் பாருங்க" என்றார். பார்த்தேன். சாவி என் கையில் இருக்கிறது, உள்ளே சிவப்பு விளக்கு எரிகிறது. சாவியைப் போட்டுத் திருப்பினேன், அணைந்தது. உருவினேன், எரிந்தது. தொழிலுக்கு வந்த இத்தனை வருஷத்தில் அப்படி ஒரு கோளாறை நான் பார்த்ததில்லை.

கொஞ்ச நேரம் கழித்துத்தான் மூளை வேலை செய்தது. கட்-அவுட் என்பது டைனமோவுக்கும் பேட்டரிக்கும் நடுவில் இருக்கும் ஒரு கதவு மாதிரி. இஞ்சின் நின்றதும் அது மூடிக்கொள்ள வேண்டும். இதில் முனைகள் இரண்டும் ஒட்டிக்கொண்டு, பேட்டரி கரண்ட் டைனமோவுக்குள் திரும்பி ஓடிக்கொண்டிருந்தது. விளக்குக்கும் அந்த வழியாகத்தான் கரண்ட். சீனிச்சாமிக்கு இதை நிரூபிக்க வேண்டும் என்று எனக்கு ஒரு கிறுக்கு. டைனமோவை இஞ்சினோடு பிணைக்கும் பேன் பெல்ட்டைக் கழற்றினேன். இஞ்சின் ஓடவில்லை, சாவி இல்லை, டைனமோ மட்டும் தானாகச் சுற்ற ஆரம்பித்தது. "பாத்தீகளா, பேய் இல்லை, கரண்ட்" என்று திரும்பினால் ஆள் நடுத்தெருவில் நிற்கிறார். அவருக்கு முன்னால் அந்த வேனை ஓட்டிய கருப்பையா, ஆலை வாசலில் அதே சீட்டில் உட்கார்ந்தபடியே மாரடைப்பில் போனவர் என்று அப்போதுதான் சொன்னார்.

"கடைசியா சாவி அவுக கையிலதான் அண்ணாச்சி இருந்துச்சு. அதை அவுக இன்னும் விடலை போலருக்கு."

கேட்டில் கொடுத்த சாவி

முனைகளைத் தேய்த்துச் சரிசெய்து அனுப்பினேன். புது கட்-அவுட்டுக்கு மதுரைக்கு எழுதிப் போட்டேன். ஒரு வாரத்தில் ஆலையிலிருந்து ஆள் வந்துவிட்டார்: விளக்கு மறுபடி எரியுது, உடனே வரணுமாம். போனேன். கேட்டில் என் தீப்பெட்டி, பீடி, ஆணி அடித்த செருப்பு என்று பொறி கிளப்பும் எல்லாவற்றையும் வாங்கி வைத்துக்கொண்டார்கள். அங்கே பக்கத்திலேயே ஒரு ஆணியில் வேனின் சாவியும் தொங்கியது. அதுதான் அந்த ஆலையின் சட்டம். சாவியைக் கேட்டில் கொடுத்துவிட்டால் வண்டி செத்த மாதிரி என்று அவர்கள் நம்பிக்கை.

உள்ளே மருந்து அடைக்கும் ஷெட்டை ஒட்டி வேன் நின்றது. விளக்கு எரிந்தது. ஷெட்டில் பன்னிரண்டு பெண்கள் கையை மடியில் வைத்துக்கொண்டு அதையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். அவர்களில் ஒருத்தி முத்துலட்சுமி, சீனிச்சாமியின் மனைவி. அங்கேயே வயரில் கை வைத்தால் பொறி பறக்கும் என்று, முதலில் வண்டியை வெளியே தள்ளச் சொன்னேன். ரோட்டுக்குப் போன பிறகு பேட்டரி வயரைக் கழற்றினேன். கடுகளவு பொறி ஒன்று தெறித்தது. போர்மேன் பால்ராஜ் முகம் வெளுத்துவிட்டது. "இனிமேல் கேட்டுக்கு வெளியே வயரைக் கழற்றிவிட்டுத்தான் வண்டியைத் தள்ளிக்கொண்டு உள்ளே வரணும்" என்றேன். சரி என்றார். ஆனால் அந்த பல்பையும் எடுத்துவிடுங்கள் என்றார். எரிகிற சாமான் எதுவும் கேட்டுக்குள் கூடாதாம், பெண்கள் வேலைக்கு வர மாட்டேன் என்கிறார்களாம். கோளாறைச் சொல்வதே அந்த விளக்குதான் என்று மன்றாடிப் பார்த்தேன். கேட்கவில்லை. எனக்கும் ஊர் திரும்புகிற அவசரம். பல்பைக் கழற்றிச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டேன். அப்போதே என் மனசு சரியில்லை. முத்துலட்சுமி வாசல் வரை வந்து என் பையைப் பார்த்தாள்.

"கண்ணப் புடுங்கிட்டா அவுக பாக்காம இருந்துருவாகளாக்கும்?"

எட்டுப் பேர் தள்ளிய வண்டி

தீபாவளி சீசன் வந்தது. மதுரையிலிருந்து கட்-அவுட் வரவில்லை. ஒருநாள் பிற்பகலில் தாயில்பட்டி பஸ்ஸில் ஓர் ஆள் வந்து இறங்கி, வேனில் தீப் பிடித்துவிட்டது என்றார். அவராகவே, யார் உயிருக்கும் ஒன்றுமில்லை என்று சொன்ன பிறகுதான் உட்கார்ந்தேன். மறுநாள் விடிந்ததும் போனேன்.

நடந்தது இது. லோடு மேல் லோடு. நாலாவது நடையில் சீனிச்சாமி, வயரைக் கழற்றித் தள்ளிக்கொண்டிருக்க நேரமில்லை என்று நேரே ஓட்டி உள்ளே விட்டுவிட்டார். சாவியை மட்டும் கேட்டில் கொடுத்துவிட்டுச் சாப்பிடப் போய்விட்டார். மழை மேகம் கட்டி இருட்டிக்கொண்டு வந்த நேரம். பாதி லோடு ஏறியிருந்தது. பெட்டி தூக்கிக்கொண்டு வேன் கதவைத் தாண்டிய முத்துலட்சுமி சிவப்பு விளக்கு எரிவதைப் பார்த்துக் கத்தியிருக்கிறாள். அவளும் சேர்ந்து எட்டுப் பெண்கள் ஓடிவந்து வேனைத் தள்ளிக் கேட்டைத் தாண்டி, கண்மாய்க் கரைக்குக் கொண்டுபோனார்கள். அங்கே போய் நின்றதும் பானெட்டுக்குள்ளிருந்து புகை. சீனிச்சாமி ஓடிவந்து வெறுங்கையால் வயரைப் பிய்த்திருக்கிறார். அவர் உள்ளங்கை வெந்துபோயிருந்தது. மண்ணை அள்ளிப் போட்டு அணைத்துவிட்டார்கள். சரக்குக்குத் தீ எட்டவில்லை.

கட்-அவுட்டைத் திறந்தேன். முனைகள் உருகி ஒன்றாகிவிட்டிருந்தன. டைனமோ கரி. விளக்கைக் கழற்றி அந்தப் பன்னிரண்டு பேரையும் நான்தான் கொல்லப் பார்த்தேன். அப்புறம்தான் முத்துலட்சுமி சொன்னது மண்டையில் ஏறியது. சிவப்பு விளக்கா? பல்பு என் கடையில் அல்லவா இருக்கிறது! டேஷ்போர்டைக் குனிந்து பார்த்தேன். பல்பு இருந்த குழி காலி. உள்ளே சிலந்தி வலை கட்டியிருந்தது, அது அறுபடக்கூட இல்லை. உள்ளே வயர் சூடேறிச் சிவந்து, ஓட்டை வழியாகத் தெரிந்திருக்குமோ என்று அந்தப் பக்கத்து வயரை இழுத்துப் பார்த்தேன். மேலே சுற்றிய துணி கருகாமல் புதுசு மாதிரி இருந்தது. முத்துலட்சுமியைக் கூப்பிட்டு, விளக்கே இல்லையேம்மா, நீ எதைப் பார்த்தாய் என்று கேட்டேன். கூட நின்ற ஏழு பேரும் என்னைத்தான் ஒரு மாதிரியாகப் பார்த்தார்கள். முத்துலட்சுமிதான் பதில் சொன்னாள்.

"விளக்கு எரியலேன்னா நாங்க எதுக்கு அண்ணாச்சி வண்டியத் தள்ளப்போறோம்?"

டப்பாவில் இருந்த பல்பு

கார்த்திகையில் கட்-அவுட் வந்தது. டைனமோவுக்குப் புதுக் கம்பி சுற்றி எடுத்துக்கொண்டு ஆலைக்குப் போனேன். கேட்டுக்கு வெளியே மரத்தடியில் வைத்து மாட்டினேன். பால்ராஜ் பக்கத்திலேயே நின்றார். வேலை முடிந்ததும், "அந்த விளக்கையும் போட்டுருங்க மிஸ்திரி" என்று அவராகவே தணிந்த குரலில் கேட்டார். அதை எதிர்பார்த்து, பஞ்சு வைத்த தகர டப்பாவில் பல்பைக் கொண்டுபோயிருந்தேன். அன்றைக்குக் கழற்றும்போது நன்றாக எரிந்த பல்பு அது. அதற்குப் பிறகு என் அலமாரியை விட்டு அது நகரவே இல்லை. மாட்டிச் சாவியைத் திருப்பினேன். எரியவில்லை. கழற்றி வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தேன். உள்ளே இழை அறுந்து, கண்ணாடி கறுத்துப்போயிருந்தது. பஸ்ஸில் குலுங்கியிருக்கும் என்று முணுமுணுத்தேன். பால்ராஜ் அதை என் கையிலிருந்து வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, பதனமாகத் திரும்பக் கொடுத்தார்.

"அன்னைக்கு அம்புட்டு நேரம் எரிஞ்சா, பீஸ் போகாம என்ன செய்யும் மிஸ்திரி?"

அதற்கப்புறம் எத்தனையோ பேர் என்னிடம் வந்து, கோளாறு கிடக்கட்டும், இந்தச் சனியன் பிடித்த சிவப்பு விளக்கை மட்டும் கழற்றிவிடுங்கள் என்று கெஞ்சியிருக்கிறார்கள், அவர்களுக்கெல்லாம் நான் ஒரே பதில்தான் வைத்திருக்கிறேன்: கழற்றுவது என் கையில் இருக்கிறது, அணைப்பது என் கையில் இல்லை.