சத்தம் இல்லாத செய்திப்படம்

பிரஸ் ஷாப்பில் பல வருடம் தகடு அடிக்கும் இரைச்சலில் நின்று என் கணவருக்குக் காது மந்தமாகிவிட்டது. மத்திகிரியில் நாங்கள் குடியிருக்கும் வாடகை வீட்டில் டிவி தெருவரை அலறும். அவருக்கு மட்டும் சத்தம் போதாது. டாக்டரிடம் போகலாம் என்றால் பேச்சை மாற்றுவார்.

ஒரு ஞாயிறு, சர்ச்சிலிருந்து வந்ததும் டிவியில் எதையோ தேடிக்கொண்டிருந்தவர் ஒரு பழைய செய்திப்படத்தில் நின்றுவிட்டார். ஊமைப் படக் காலத்தில் எடுத்தது. துறைமுகத்தில் சிப்பாய்கள் கப்பல் ஏறினார்கள். கரையில் பெண்கள் கைக்குட்டை ஆட்டினார்கள். அடுத்து ஏதோ ஊர்ச் சந்தை. ஒருத்தி மீனைத் தூக்கிக் காட்டி வாய் கிழியக் கூவினாள்.

அவர் ரிமோட்டில் சத்தத்தைக் கூட்டிக்கொண்டே போனார்.

"என்ன சொல்லுது அந்தம்மா?"

"இதுல சத்தமே இல்லைங்க. அந்தக் காலத்துப் படம்" என்று காதருகில் கத்தினேன்.

அவர் நம்பவில்லை. "என் மனசு நோகக் கூடாதுன்னு சொல்ற."

எழுந்து கீழ்வீட்டுக்கே போய்விட்டார். அங்கே இருக்கும் பாய் பைக் உதிரிபாகக் கடை வைத்திருப்பவர். நானும் பின்னால் போனேன். பாய் தன் போனில் அதே படத்தைத் தேடி எடுத்தார்.

"நல்லாத்தான் கேக்குது அண்ணா. கப்பல் ஊதுது, ஜனங்க கத்துறாங்க" என்று உரக்கச் சொன்னார்.

என் கணவர் கோபப்படவில்லை. "பாத்தியா" என்றார், அவ்வளவுதான்.

நானே போனை வாங்கிப் பார்த்தேன். கப்பல் ஊதியது. அதே சிப்பாய்கள், அதே கைக்குட்டைகள். எனக்கும் காது போய்விட்டதோ என்று ஒரு கணம் பயந்தேன்.

பாய் யோசித்தார். "யாராச்சும் இப்ப இந்த வீடியோல சத்தத்தச் சேத்துவிட்டிருப்பாங்க அக்கா. மீன்காரம்மா வர்ற இடத்துல வெறும் மியூசிக்தான் வருது, பாருங்க."

"அப்ப அன்னைக்கி நெஜமாவே கத்துனாங்களா, இல்லையா?" என்று கேட்டார் என் கணவர்.

பாய் போனைத் திரும்ப வாங்கிக்கொண்டார்.

படியேறும்போது அவராகவே சொன்னார்: "நாளைக்கி டாக்டர்கிட்ட போலாம். எனக்குக் கேக்கலயா, இல்ல சத்தமே இல்லயான்னு தெரியாம எத்தன நாள் இருக்கிறது?"

போனோம். காதுக்கு மெஷின் வந்தது. இப்போது டவுன் பஸ் ஹாரன் தாங்க முடியவில்லை என்று அதைக் கழற்றிச் சட்டைப் பையில் போட்டுக்கொள்கிறார். எப்போது மாட்டுகிறார், எப்போது கழற்றுகிறார் என்று எனக்குப் பிடிபடுவதில்லை. நான் பேசுவதற்கெல்லாம் தலையாட்டுகிறார்.