அற்புதராஜ் அண்ணாச்சி விழுந்தபோது

ஞாயிற்றுக்கிழமை மாலை, என்ன செய்வதென்று தெரியாமல் திரையிடல் அறையில் நாற்காலிகளை அடுக்கிக்கொண்டிருந்தேன். அண்ணாச்சியோடு ஆஸ்பத்திரிக்குப் போன நண்பரிடமிருந்து போன் வந்தது. "அண்ணாச்சி போயிட்டாவ" என்றார். ஒரு மணி நேரத்துக்கு முன்புதான் அவர் எங்கள் கண்முன் விழுந்தார். நாங்கள் சிரித்தோம்.

திரேஸ்புரத்தில் படகுக் கயிறும் பெயிண்டும் விற்ற கடைக்காரராக உங்களில் பலருக்கு அவரைத் தெரியும். எங்கள் திரைப்படக் கழகத்தில் மாதம் ஒருமுறை பழைய மௌன நகைச்சுவைக் குறும்படங்கள் போடுவோம். படம் முடிந்ததும் அண்ணாச்சி எழுந்து, அதில் வந்தவன் எப்படி விழுந்தான் என்று விழுந்தே காட்டுவார். ஐம்பத்தெட்டு வயது, தொந்தி வேறு. "விழப்போறது பாக்குறவனுக்குத் தெரியணும், விழுறவனுக்குத் தெரியப்படாது. அம்புட்டுதான் வே" என்பார்.

கடையிலும் சும்மா இருக்க மாட்டார். ஏணியைத் தோளில் வைத்துக்கொண்டு, கூப்பிட்ட பக்கமெல்லாம் சட்டென்று திரும்புவார். நைலான் கயிறு வாங்க வந்த ஓர் அம்மாள் நாலு முறை குனிந்து தப்பித்து, கயிற்றை மறந்துவிட்டுச் சிரித்துக்கொண்டே வீட்டுக்குப் போனார்.

ஒருமுறை அவர் விழுந்ததும், கழகத்துக்குப் புதிதாக வந்த ஒருவர் பதறி ஓடித் தூக்கிவிட்டார். அண்ணாச்சிக்கு வந்ததே கோபம்! "நீரு தூக்கிட்டா அது விபத்து ஆயிரும்லா? பத்து எண்ணுற வரைக்கும் ஒருத்தரும் கிட்ட வரப்படாது." அன்றிலிருந்து அதுவே எங்கள் வழக்கமானது.

இந்த ஞாயிற்றுக்கிழமையும் எண்ணினோம். நாற்காலியைப் பிடிக்கக் கை நீட்டி, பிடி கிடைக்காமல் பக்கவாட்டில் சாய்ந்தார். இத்தனை வருடத்தில் அவ்வளவு அருமையாக அவர் விழுந்ததில்லை. நான்தான் முதலில் சிரித்தேன். எல்லோரும் சத்தம் போட்டு எண்ணினோம். பத்து வந்ததும் கைதட்டினோம். அவர் எழவில்லை. மாரடைப்பாம். உடனே தூக்கியிருந்தாலும் பயனிருந்திருக்காது என்றார் டாக்டர். அதை நம்புவதற்கு இன்னும் முயன்றுகொண்டிருக்கிறேன்.

அடக்கத்தன்று அவர் மனைவி என்னைத் தனியே கூப்பிட்டார்.

"தம்பி, அவிய விழுந்தப்ப யாரு முதல்ல சிரிச்சா?"

பொய் சொல்ல வாய் வரவில்லை. "நான்தான் மதினி" என்றேன்.

"மாசாமாசம் வீட்டுக்குள்ள நுழைஞ்சதும் அதத்தான் சொல்லுவாவ. முக்காவாசி ஒங்க பேருதான். இந்தத் தடவ சொல்ல வரலைலா, அதான் கேட்டேன்."

அண்ணாச்சியிடமிருந்து நான் வைத்துக்கொள்வது அது ஒன்றைத்தான்: அவர் விழுந்தால் முதலில் சிரிப்பவன் என்ற பெயர். நினைத்தால் உடம்பு கூசுகிறது. ஆனாலும் அதை வேறு யாருக்கும் கொடுக்க மாட்டேன்.