ஜப்பான் நடிகருக்குப் பிள்ளையார்பாளையத்தில் வந்த சோதனை

திரைப்படச் சங்கம் நடத்துவது, கல்யாணப் பந்தியில் பத்தியச் சாப்பாடு பரிமாறுகிற மாதிரியான வேலை. நடத்திப் பார்த்தவர்கள் என்னோடு சேர்ந்து தலையில் கைவைப்பார்கள்.

பட்டு நெசவாளர்கள் நிறைந்த பிள்ளையார்பாளையத்தில் ஒரு மாடி ஹாலில் சனிக்கிழமை மாலைகளில் படம் போடுகிறேன். 1950களில் புகழ்பெற்ற ஒரு ஜப்பானிய நடிகரின் படங்களை, அவர் வாழ்க்கை போன வரிசையிலேயே காட்ட ஆசைப்பட்டேன். வசனத்தை மைக்கில் தமிழில் சொல்வதும் நான்தான். கூட்டம் வராவிட்டால் ஹாலை டியூஷனுக்கு விட்டுவிடுவேன் என்று ஹால்காரர் ஏகாம்பரம் முதலிலேயே சொல்லிவிட்டார்.

அறிமுகம்

முதல் படத்தில் அவர் கூட்டத்தோடு கூட்டமாக வாள் பிடித்த அடியாள். "இவர்தான் நம்ம ஆள், நல்லா பார்த்துக்குங்க" என்று மைக்கில் சொல்லி வாய் மூடவில்லை, வெட்டுப்பட்டு விழுந்துவிட்டார். முன்வரிசையில் இருவர் எழுந்து செருப்பைத் தேடினார்கள். படம் இன்னும் நிறைய இருக்கிறது என்றேன்.

"உங்க ஆளுதான் செத்துட்டாரே. இனி யாருக்காக உட்காந்துக்கினு இருக்கறது?"

கருப்பு வெள்ளை

அடுத்தது அவர் கதாநாயகனாக உயர்ந்த படம். காதலியைப் பிரிந்து அழும் காட்சிக்காகவே அதைத் தேர்ந்தெடுத்தேன். அவர் அழத் தொடங்கியதும், தறி நெய்யும் சரோஜாக்கா படத்தை நிறுத்தச் சொன்னார். காதலியின் பட்டு அங்கி அரக்கு நிறமா, மயில்கழுத்து நிறமா என்று பெண்கள் பக்கம் சண்டை. கருப்பு வெள்ளையில் எப்படித் தெரியும் என்று கெஞ்சிப் பார்த்தேன்.

"அவரு அழுவுறத அப்புறம் பார்த்துக்கலாம்பா. கொஞ்சம் பின்னாடி தள்ளு, பார்டர் நல்லாத் தெரியட்டும்."

வில்லன்

நாற்பதைத் தாண்டியதும் நாயகன் வேடங்கள் இளைஞர்களுக்குப் போய்விட்டன. அவருக்குக் கிடைத்தது வில்லன் வேடம். அதற்குள் நம் ஜனங்களுக்கு அவரைப் பிடித்துப்போயிருந்தது. அவர் ஓர் ஏழையின் நிலத்தைப் பிடுங்கியபோது ஹால் முழுக்க முணுமுணுப்பு. ஏகாம்பரம் என் காதருகே குனிந்தார்.

"ஜப்பான்ல அவரு இன்னா பேசுனா இன்னா? தமிழ்ல நீதானே சொல்ற, நல்லவர்னு சொல்லிடேன்."

கடைசிப் படம்

உடம்பு தளர்ந்தபின் நடித்தது. மகனை ரயிலேற்றிவிட்டு, வீட்டுக்குப் போக மனமில்லாமல் ஸ்டேஷனிலேயே உட்கார்ந்திருக்கும் அப்பா. வசனமே கிடையாது. நான் மைக்கை அணைத்துவிட்டேன். முன்வரிசையில்கூட இந்தத் தடவை யாரும் செருப்பைத் தேடவில்லை. விளக்கைப் போட்டு, இந்தப் படத்துக்குப் பிறகு அவர் அதிக நாள் உயிரோடு இருக்கவில்லை என்றேன். ஏகாம்பரம் மூக்கை உறிஞ்சிக்கொண்டு, டியூஷனை அடுத்த வருஷம் பார்த்துக்கொள்ளலாம் என்றார். அப்பாடா என்று ஒயரைச் சுருட்டினேன். சரோஜாக்கா எதிரே வந்து நின்றார்.

"அவரு வீட்ல இப்ப யார்னா இருக்காங்களாபா? தெரிஞ்சிக்கினு எப்படி சும்மா இருக்கறது, ஒரு தடவ துக்கம் விசாரிச்சிடணும்ல."

ஆக, படம் போட வந்தவன் இப்போது ஜப்பானில் துக்கவீடு தேடிக்கொண்டிருக்கிறேன்.