ஹில்டா மேடம் வெட்டிய ஒரு நிமிடம்

ஹில்டா மேடம் இறந்துவிட்டார் என்று அவருடைய மகள் வாட்ஸ்அப்பில் இரண்டு வரி அனுப்பியிருந்தார். ஒரு கல்யாண வீடியோவில் மாலை மாற்றும் காட்சியை ஒட்டிக்கொண்டிருந்தேன். அதை அப்படியே நிறுத்தினேன். மூன்று மாதம் நம்மூர் பாலக்கரையில் டீ குடித்த வெள்ளைக்காரம்மாவை உங்களில் சிலருக்கு நினைவிருக்கும். அவரைத்தான் சொல்கிறேன்.

ஜெர்மனியில் முப்பது வருடம் டிவிக்கு எடிட்டிங் செய்தவர். செய்தி, பறவைகள் பற்றிய படம், பெரும்பாலும் துப்பறியும் தொடர். "கொலைகாரனைக் கடைசிவரை மறைத்து வைப்பதுதான் என் பிழைப்பு" என்பார்.

நம்மூர் செராமிக் கம்பெனிப் பெண்களைப் பற்றி ஒரு ஜெர்மன் இயக்குநர் அங்கத்திய டிவிக்காகப் படம் பிடித்துப் போனார். அதை மொழிபெயர்ப்புத் தாளை வைத்து ஜெர்மனியிலேயே வெட்ட மாட்டேன், பேசுகிறவர் எங்கே மூச்சு விடுகிறார் என்பது தாளில் இருக்காது என்று பிடிவாதம் பிடித்து, மேடம் ஹார்டு டிஸ்க்குடன் என் ஸ்டுடியோவில் வந்து இறங்கினார். நான் வரிக்கு வரி ஆங்கிலத்தில் சொல்ல வேண்டும். அவருக்குத் தெரிந்த தமிழ் 'இரு', 'போதும்' இரண்டுதான். அதை வைத்தே என்னைச் சக்கையாகப் பிழிந்தார்.

நான் ஒரு முட்டாள்தனம் செய்தேன். கல்யாண வீடியோவை முடிக்கும் முன் வீட்டுக்காரர்களைக் கூப்பிட்டு, யாராவது விட்டுப்போயிருக்கிறார்களா என்று பார்க்கச் சொல்வது எங்கள் வழக்கம். அதே வழக்கத்தில், படத்தில் வரும் காசியம்மாள் அக்காவையும் கூப்பிட்டுவிட்டேன். வேலை முடியாத படத்தை வெளியாருக்குக் காட்டக் கூடாது என்று ஒப்பந்தம் இருந்தது எனக்கு எங்கே தெரியும்?

சூளைப் பக்கம் ஃபேன் ஓடவில்லை என்று கேட்டால் முதலாளி எப்படி மழுப்புவார் என்று அக்கா நடித்துக் காட்டும் ஒரு நிமிடம் அதில் இருந்தது. நானும் மேடமும் ஒவ்வொரு தடவையும் விழுந்து விழுந்து சிரிப்போம். அக்கா சிரிக்கவில்லை.

"கேமராவ நிறுத்திட்டாங்கன்னு நெனச்சி வெளாட்டா செஞ்சதுங்க. மொதலாளி பாத்தா நாளைக்கே வூட்டுக்கு அனுப்பிடுவாரு. ரெண்டு புள்ளைங்க படிக்குதுங்க."

நான் அதை ஆங்கிலத்தில் சொல்லி முடித்ததும் மேடம் என்னைத் திட்டவில்லை. அக்காவின் கண் முன்னாலேயே அந்த நிமிடத்தை வெட்டி எடுத்தார். அதுதான் படத்தின் உயிர் என்று இயக்குநர் போனில் கத்தினார், வேறு ஆளை வைத்துச் சேர்த்துக்கொள்வேன் என்றார். "சேர்த்தால், அந்தப் பெண்ணுக்குச் சம்மதம் இல்லை என்று டிவிக்காரர்களுக்கு நானே எழுதுவேன். படம் ஒரு மணி நேரத்தில் முடிந்துவிடும். அவர் தினமும் அங்கே வேலைக்குப் போக வேண்டும்" என்றார் மேடம்.

படம் அந்த நிமிடம் இல்லாமல் வந்தது. மேடத்தின் பெயரும் இல்லாமல் வந்தது. பிறகு அவருக்குப் பெரிய வேலை எதுவும் வரவில்லை என்று மகள் சொல்லித்தான் தெரியும். மேடம் என்னிடம் ஒரு வார்த்தை சொல்லவில்லை. அதில் எனக்கு அவர்மேல் இன்னும் கோபம்தான். அவரிடமிருந்து நான் வைத்துக்கொண்டது ஒன்று உண்டு: யாரைப் படத்தில் வைத்தாலும் முதலில் அவரிடம் கேட்டுவிடுகிறேன்.

நேற்று ஷிப்டு முடிந்து அதே கம்பெனி வாசலுக்கு வந்த அக்காவிடம் விஷயத்தைச் சொன்னேன். சாப்பாட்டுப் பையை இன்னொரு கைக்கு மாற்றிக்கொண்டு கேட்டார்.

"அந்தம்மா பேரு இன்னாங்க? நான் கேக்கவே இல்லியே."

சொன்னேன். இரண்டு தடவை தப்பாகச் சொல்லி, மூன்றாவது தடவை சரியாகச் சொன்னார்.