ஞானத்தாய் வேஷம்

சான் பாப்லோ ஊர்த் திருவிழாவில் அழகு ராணியாக நின்ற புரிஃபிகசியோனை மணிலா ஸ்டூடியோக்காரர்கள் காரில் வந்து கூட்டிப்போனார்கள். லிரியோ என்று பெயர் மாற்றி, அர்மாண்டோ என்ற நடிகனோடு ஜோடி சேர்த்தார்கள். படங்கள் பிய்த்துக்கொண்டு ஓடின. இருவரும் நிஜத்திலும் காதலர்கள் என்று ரசிகர்கள் நம்பவேண்டும், வியாபாரமே அதுதான். அவளோ ஒரு கேமரா உதவியாளனிடம் மனசைக் கொடுத்து வயிற்றில் பிள்ளையோடு நின்றாள். அவன் கம்பி நீட்டிவிட்டான்.

"பிள்ளை பெத்தவளுக்கு எவன் டிக்கெட் வாங்குவான்?" என்றார் முதலாளி. "உங்கப்பா அம்மா பிள்ளைன்னு ஞானஸ்நானம் பண்ணிடு. ஒரு பய கேக்கமாட்டான்."

அப்படியே செய்தாள். குழந்தை கிளாரிட்டா ஊரில் இவளை 'அக்கா' என்று கூப்பிட்டு வளர்ந்தது. இந்த ஒப்பந்தம் முடியட்டும், சொல்லிவிடலாம் என்று லிரியோ தள்ளிப்போட்டாள். முடிந்தது, புதுப்பித்தார்கள். நடுவில் அர்மாண்டோ வேறொருத்தியைக் கல்யாணம் கட்டினான். அவன் மவுசு துளியும் குறையவில்லை. ஆம்பிளைக்கு ஒரு நியாயம், என்ன எழவு நியாயமோ.

ஸ்டூடியோவை இழுத்து மூடியபின் அவளுக்குக் கிடைத்ததெல்லாம் அம்மா வேஷம். தன்னைவிடக் கொஞ்சமே இளையவனெல்லாம் மடியில் விழுந்து 'அம்மா' என்று கதறினான்.

ஒருநாள் கிளாரிட்டா கல்யாணப் பத்திரிகையோடு வந்தாள்.

"அக்கா, கல்யாணத்துக்குச் சாட்சி நிக்கிற ஞானப்பெற்றோர்ல நீங்கதான் ஞானத்தாயா நிக்கணும். சினிமாக்காரங்க நின்னா மாப்பிள்ளை வீட்ல மதிப்பாங்க."

இதை விட்டால் வேறு சந்தர்ப்பம் இல்லை என்று லிரியோவுக்குத் தெரிந்தது.

"நான் ஞானத்தாய் இல்லடி. உன்னைப் பெத்தவ. பெத்தவ இடத்துல என்னை நிக்கவிடு."

கிளாரிட்டாவின் முகம் மாறவில்லை.

"தெரியும். பக்கத்து வீட்ல எப்பவோ சொல்லிட்டாங்க. நீங்களா வந்து சொல்வீங்கன்னு ஒவ்வொரு கிறிஸ்துமஸுக்கும் வாசல்லயே நின்னேன். பொம்மை கொண்டுவந்தீங்க, போட்டோ எடுத்துக்கிட்டீங்க, போயிட்டீங்க."

"அப்ப என் பொழப்பு அப்படி..."

"உங்க பொழப்பை நான் குறை சொல்லலக்கா. அம்மான்னு கூப்பிட உங்களுக்குப் படத்துக்குப் படம் ஆள் இருக்கு. என்னை வளர்த்தவங்களுக்குப் பக்கத்துல இருந்து கூப்பிட நான் ஒருத்திதான்."

கல்யாணத்தன்று கிளாரிட்டா வந்து, பெரியவர்களிடம் ஆசி வாங்கும் அவர்கள் வழக்கப்படி லிரியோவின் கையை எடுத்து நெற்றியில் ஒற்றிக்கொண்டாள், மற்ற ஞானப்பெற்றோருக்குச் செய்தது போலவே. ஒரு நொடி கூடவில்லை, குறையவில்லை. "பெத்தவங்க மட்டும் வாங்க" என்று போட்டோகிராபர் கூப்பிட்டார். லிரியோவின் கால் தானாக ஒரு எட்டு முன்னால் போனது. பிறகு ஓரமாக ஒதுங்கி நின்றாள்.

மாப்பிள்ளையின் அத்தை ஆசையாக வந்து கையைப் பிடித்துக்கொண்டாள். "உங்க அம்மா வேஷத்தைப் பார்த்து அப்படி அழுதிருக்கேங்க. உங்களுக்கு எத்தனை பிள்ளைங்க?"

"யாரும் இல்லைங்க" என்றாள் லிரியோ. இத்தனை வருஷமாகப் பத்திரிகைக்காரர்களுக்குச் சொல்லிவந்த அதே பதில்தான்.